போடியார்ட காதும் என்ட கலியாணமும்

மாமாங்கேஸ்வரர் ஆணையாச் சொல்றன், இதில ஒரு சொல்லும் பொய் இல்ல. பொய் எண்டா என்ட கீபோட்டில உள்ள கறுப்புக் கட்ட எல்லாம் இப்பவே கழண்டு விழட்டும்.

படத்துக்குப் பின்னணி இசை போடுறவனுக்கு நெஞ்சு வருத்தம் மட்டும் இருக்கப்படாது. இந்தத் தொழில்ல கிழமைக்கு ஒருக்கா உசிர் போய்ப் போய் வரும். என்ன வேல செய்யிறாய் எண்டு கேட்டா சொல்லி விளங்கப்படுத்த ஏலாத வேல செய்யிற ஆக்கள் இருந்தா கிட்ட வாங்க, சேந்து அழுவம். மத்த ஆக்கள் தள்ளி இருந்து சிரியுங்க, எனக்கு ஒண்டுமில்ல.

நான் அமிர்தகழி ஆள். பள்ளிக்கூடத்துக்கும் எனக்கும் சின்ன வயசிலயே பேச்சுவார்த்த முறிஞ்சு போச்சு. கலியாண வீடு, கோயில் திருவிழா எண்டு கீபோட் தட்டித் திரிஞ்சன். மறுகா குறும்படம் கொஞ்சம். மறுகா இந்த முழுநீளப் படம். எனக்கு சுரம் எழுதத் தெரியாது, விசிலடிச்சு போன்ல பிடிச்சு வெச்சிருப்பன். என்ட போன ஆரும் களவெடுத்துக் கேட்டா, குருவி வளக்கிறவன்ட போன் எண்டு நினைச்சுத் திருப்பித் தந்திருவான்.

பாட்டு இல்லாத இடம்

நான் விரும்பின பொடிச்சி சுகந்தி, வாவிக்கு அங்கால படுவான்கரையில இருக்காள். அவட அப்பாவ ஊரே போடியார் எண்டுதான் கூப்பிடும். அந்தப் பக்கத்து வயல் வட்டையில பாதி அந்த மனிசன்டதான். எங்கட பக்கத்துப் பழக்கம் தெரியும்தானே, வீடு பொம்புளப் பிள்ளைக்கு. கலியாணம் முடிஞ்சா மாப்பிள்ளதான் உடுப்புப் பெட்டியத் தூக்கிக்கொண்டு அங்க போய்க் குடியிருக்கோணும். ஆனபடியா வீட்டுக்காரர் கேள்வி கேப்பாரு, நாம பதில் சொல்லத்தான் வேணும்.

"என்ன வேலடா செய்யிறாய்?"

"படத்துக்கு இசை போடுறன் மாமா."

"பாட்டா?"

"பாட்டு இல்ல மாமா. பாட்டு இல்லாத இடத்தில வாறது."

"பாட்டு இல்லாத இடத்தில ஆக்கள் கதைப்பாங்களே?"

"ஓம் மாமா, அவங்க கதைக்கக்குள்ள பின்னால வரும்."

"அப்ப கதைக்கிறவன்ட பின்னால நிண்டு சத்தம் போடுறதுதான் உன்ட வேல?"

குசினிக்குள்ள சுகந்தி சிரிக்கிறது கேட்டிச்சு. நான் ரோசத்தில விளக்கம் சொல்ல வெளிக்கிட்டன். "நல்ல பின்னணி இசை எண்டா மாமா, படம் பாக்கிறவனுக்கு அது கேக்கிறதே தெரியாது" எண்டன். சொல்லி முடிக்கல்ல, போடியார் வெத்திலய ஒரு பக்கக் கன்னத்துக்குள்ள ஒதுக்கிப்போட்டு என்னத் தலையில இருந்து கால் வரைக்கும் ஒருக்காப் பாத்தாரு. பொண்ணு கேக்க வந்த இடத்தில எவனும் தன்ட தொழில ஒருத்தருக்கும் தெரியாது எண்டு பெருமையாச் சொல்லுவானா?

மனிசன் ஆறுதலா வெத்திலயத் துப்பிப்போட்டுச் சொன்னாரு: "வீடு என்ட மகள்ட. அதுக்குள்ள வந்து இருக்கப்போறவன்ட வேலய நான் கண்ணால பாக்கோணும், இல்லாட்டிக் காதால கேக்கோணும். படம் வரட்டும், நானே வந்து இருந்து கேக்கிறன். உன்ட வேல என்ட காதில விழுந்தாப் பிள்ளயத் தாறன். விழாட்டி, டேய், வந்த தோணியிலயே ஏறிப் போயிரு."

கொட்டனும் பொலியெஸ்டரும்

படத்த எடுத்தவன் நவாஸ், காத்தான்குடியான். சவூதியில இருந்து வந்து புடவக்கட போட்டவன். கடைக்கு மேல்மாடியிலதான் எங்கட எல்லா வேலையும் நடக்கும். கத சின்னக் கத: மீன் பிடிக்கப் போன மனிசன் வாவியில காணாமப் போயிருவான், பொண்டாட்டியும் தாயும் கரையில நிண்டு பாத்துக்கொண்டிருப்பாங்க.

முதல் காட்சிக்கு இசை போட்டுக்கொண்டு போனன். வயலின் எல்லாம் வெச்சு உருட்டி உருட்டிப் போட்டிருந்தன். நவாஸ் கண்ண மூடிக்கொண்டு கேட்டான். கேட்டு முடிச்சுப்போட்டு, பெருவிரலையும் மற்ற விரலையும் சேத்துக் காத்தத் தடவினான், துணி பாக்கிற மாதிரி. "மச்சான், இது பொலியெஸ்டர். போட்டா வேர்க்கும். எனக்குக் கொட்டன் வேணும்" எண்டான். எனக்குத் தலையில இடி விழுந்த மாதிரிப் போச்சு. கொட்டனுக்கு எந்தக் கட்டய அமத்துறது? அடுத்த தரம் கொண்டு போனன். "இது கொட்டன்தான், ஆனா கஞ்சி கூடிப் போச்சு." அதுக்கடுத்த தரம், "துணி நல்லம், கர பெரிசாப் போச்சு."

கடைசியில எனக்குக் கோவம் வந்து, வயலினத் தூக்கினன், தபேலாவத் தூக்கினன், எல்லாத்தையும் தூக்கி எறிஞ்சுபோட்டு, பழைய ஆர்மோனியம் ஒண்டுட துருத்தி மூச்சு வாங்கிற சத்தத்தையும் மூண்டு சுரத்தையும் மட்டும் வெச்சுக்கொண்டு போனன். அவனக் கடுப்பேத்தத்தான் போனன், உண்மையச் சொன்னா. கேட்டவன் அப்பிடியே கதிரையில சரிஞ்சிட்டான். கண்ணால தண்ணி ஓடுது. மாரடைப்போ எண்டு நான் பதறிப்போய்த் தண்ணிப் போத்தலத் தேடுறன், அவன் கையப் பிடிச்சுக்கொண்டு சொன்னான்: "மச்சான், இதுதான்டா! இதே துணியில இன்னும் இருபது மீற்றர் வெட்டு."

கரவலைக்குள்ள நான்

வல இழுக்கக்குள்ள பாடுற அம்பாப் பாட்டு வேணும் எண்டு மைக்கத் தூக்கிக்கொண்டு மாங்கேணிக்குப் போனன். அங்க வலைக்குப் பெரியாள் சின்னத்தம்பி அண்ணன். மரத்துக்குக் கீழ பாய விரிச்சு, மைக்க நட்டு வெச்சு, "ரெண்டு வரி பாடுங்க அண்ணன்" எண்டன். அந்தாள் வாயத் துறந்தாரு, மூடினாரு. மறுகா துறந்தாரு. "வல இல்லாம வாய் வருகுதில்ல தம்பி. கயித்தப் பிடி, பாடுறம்" எண்டாரு. பாட்டுப் பதிய வந்தவன் இடுப்பில கயித்தக் கட்டிக்கொண்டு வெயிலுக்குள்ள கரவல இழுத்த கத உலகத்தில எங்கயாவது இருக்கா?

பாட்டு வந்திச்சு, அப்பிடி ஒரு பாட்டு! கடலே கேட்டுக்கொண்டு நிண்ட மாதிரி இருந்திச்சு. நானும் உருகிப்போய்க் கண்ண மூடிக்கொண்டு இழுக்கிறன். காலில ஏதோ குளிரா ஊர்ந்திச்சு. மீனாக்கும் எண்டு பாத்தா கடல்பாம்பு! நான் போட்ட சத்தத்தில பாட்டு நிண்டு போச்சு, காகமெல்லாம் எழும்பிற்று. பாம்பு தன்ட பாட்டில போயிற்று. நான்தான் கயித்தோட கட்டுண்டு கிடந்தன்.

அந்தச் சத்தமும் பதிஞ்சு போச்சு. நவாஸ் அதக் கேட்டுப்போட்டு, மனிசன் வாவியில விழுற இடத்துக்கு இது வேணும் எண்டு ஒரே பிடியாப் பிடிச்சான். இதெண்டாலும் போடியார்ட காதில விழும் எண்டு எனக்கும் ஒரு சந்தோசம். மறுகாதான் ஓடி வெளிச்சுது, வீரிட்டுக் கத்துறவனுக்கு ஆர் பொண்ணு குடுப்பான்? சேத்து முடிச்சுக் கொண்டுபோய் மாங்கேணியில போட்டுக் காட்டினன். சின்னத்தம்பி அண்ணன் தலைய ஆட்டி ஆட்டிக் கேட்டுப்போட்டுச் சொன்னாரு: "பாட்டு நாங்க நாளாந்தம் பாடுறதுதான் தம்பி. ஆனா இடையில ஒருத்தன் கத்துறான் பாரு, அவன்தான் கலைஞன், அவன விட்டிராத."

வேப்பிலைக்கு ஆள் தேவ

இதச் சொல்லக்குள்ள இப்பவும் எனக்கு மயிர்க்கூச்செறியும். படத்தில புருசனத் தேடிப் பொண்டாட்டி கரையெல்லாம் ஓடுற ஒரு இடம். அதுக்கு நான் உடுக்கு அடி போட்டன். அம்மன் கோயில்ல கேட்டுக் கேட்டு மனசில நிண்ட அடி, அப்பிடியே பிசகாமப் போட்டன். அது தெய்வத்தக் கூப்பிடுற அடி எண்டு எனக்குத் தெரியும். கொம்பியூட்டருக்குள்ள இருந்து கூப்பிட்டா வராது எண்டு நினைச்சிட்டன்.

நடிச்ச ஆக்களுக்குப் போட்டுக் காட்டுறதுக்கு எல்லாரையும் புடவக்கட மேல்மாடிக்குக் கூப்பிட்டான் நவாஸ். காணாமப் போனவன்ட தாயா நடிச்சது பூமணி மாமி, போடியார்ட கூடப்பிறந்த தங்கச்சி. உடுக்கு தொடங்கிச்சு. மாமிட தோள் ஆடிச்சு. கொண்ட அவுண்டிச்சு. கதிர விழுந்திச்சு. அடுக்கி வெச்ச சாரிக் கட்டெல்லாம் சரியுது, மாமி நடுவில நிண்டு ஆடுறா. "யா அல்லாஹ்! நிப்பாட்டு மச்சான்!" எண்டு நவாஸ் கத்த, நானும் புத்தி கெட்டுப் பட்டெண்டு நிப்பாட்டினன். அதுதான் பெரிய பிழ. கூப்பிட்ட அடிய இடையில விட்டா என்ன நடக்கும் எண்டு எங்கட பக்கத்து ஆக்களுக்குச் சொல்லத் தேவல்ல. மாமி என்னப் பாத்துத் திரும்பினா. அது மாமிட குரல் இல்ல. "ஆரடா இடையில விட்டது?"

வந்த தெய்வத்த அடி தாழ்த்தித் தாழ்த்தித்தான் மலையேத்தோணும். அந்தத் தாழ்த்துற அடி கொம்பியூட்டர்ல இல்ல, நான் போடவும் இல்ல. பிஸ்கட் தகரம் ஒண்டு கிடந்திச்சு. அத எடுத்து மடியில வெச்சு, கும்பிட்டுக்கொண்டு அடிச்சன், ஞாபகம் வந்ததப் பாடினன். மாமி மஞ்சள் தண்ணி கேக்கிறா. நவாஸ் கீழ ஓடிப் போய் ஒரு செம்புத் தண்ணியும் மஞ்சள் வோயில் துணியும் கொண்டு வந்து, "மஞ்சள் இல்ல தாயே, மஞ்சள் கலர்ல இதுதான் இருக்கு" எண்டு நீட்டினான். அம்மாள் பெரிய மனசுக்காரி, ஏத்துக்கொண்டா. கொஞ்ச நேரத்தில மாமி இருந்தா, கொண்டய முடிஞ்சா, "ஏன் எல்லாரும் இப்பிடிப் பாக்கிறீங்க? தேத்தண்ணி இல்லயா?" எண்டு கேட்டா.

எல்லாரும் போன பிறகு நவாஸ் சரிஞ்ச சாரிக்குள்ள இருந்துகொண்டு, வேர்வயத் துடைச்சுத் துடைச்சுச் சொன்னான்: "உன்ட மியூசிக் வேல செய்யுது மச்சான், அதில எனக்குச் சந்தேகம் இல்ல. ஆனா படம் போடுற இடத்தில வேப்பிலையோட ஆர் நிக்கிறது?"

வெடி

இந்தக் கத தோணியில்லாமலே வாவியத் தாண்டி அங்கால போயிற்று. சுகந்தி போன் எடுத்தாள். "நீ இசையமைப்பாளன் இல்லயாம், சூனியக்காரனாம். அப்பா வீட்டு வாசல்ல சூனியம் அண்டாமத் தேசிக்காய் கட்டியிருக்காரு" எண்டாள். கட்டிக்கொண்டு போகப்போற வீட்டுக்குள்ள நான் போகாம இருக்கவே தேசிக்காயா?

"இனி ஒரு வழிதான் இருக்கு" எண்டாள் அவள். "அப்பாக்கு விளங்கோணும், நீ செய்யிறது இசதான் எண்டு. இப்பிடிப் பூன நடக்கிற மாதிரிப் போட்டா அந்தாளுக்கு என்னெண்டு கேக்கும்? வெடி ஒண்டப் போடு." எனக்கும் புத்தி தடுமாறிற்று. கதாநாயகி யன்னலுக்குப் பக்கத்தில தனிய இருந்து தலை சீவுற காட்சி ஒண்டு, பஞ்சு விழுற சத்தம் கேக்கும். அதில கொண்டுபோய்த் தவில், பறை, எக்காளம் எல்லாத்தையும் இறக்கினன். நவாஸ் குடிச்சுக்கொண்டிருந்த பிளேன்ரீ மூக்கால வந்திச்சு. "உனக்குப் பொண்ணு எடுக்க என்ட கதாநாயகிய ஏன்டா செவிடாக்கிறாய்?"

அவன் சொன்னது சரி. அந்தக் காட்சியத் திரும்பிப் பாத்தன். அவள் சீப்பில சிக்கின முடிய எடுத்து விரல்ல சுத்திக்கொண்டு வாசலப் பாக்கிறாள். அதுக்கு மேல வெடிய வெச்சவன் மனிசனே இல்ல. எல்லாத்தையும் கழட்டினன். சுகந்திக்குப் போன் எடுத்து, "என்னால ஏலாது புள்ள, படம் செத்துப்போகும், அப்பாக்குக் கேக்காட்டியும் பரவாயில்ல" எண்டன். அவள் மூக்க உறிஞ்சிக்கொண்டு சொன்னாள்: "எனக்கு நீயும் வேணும், அப்பாவும் வேணும். ரெண்டில ஒண்ட எடு எண்டு என்ன விட்டியெண்டா, உன்னச் சும்மா விடமாட்டன்."

ஊமக் கொப்பி

படம் போட்டது டவுன்ல ஒரு மண்டபத்தில, பின்னேரம். படுவான்கரையில இருந்து ஒரு வான் நிறையச் சனம் வந்து இறங்கிச்சு. போடியார் வெள்ள வேட்டி, தோள்ல சால்வ. பின்னால பூமணி மாமி, சுகந்தி. போடியார் பக்கத்துக் கதிரையத் தட்டிக் காட்டினாரு. "இதில இரு. காதக் கழுவித் துடைச்சிட்டுத்தான் வந்திருக்கன்."

லைட் நிண்டிச்சு. விடியப்புறம், வாவி, ஒரு தோணி போகுது. அந்த இடத்தில என்ட ஆர்மோனியம் மூச்சு விடோணும். விடல்ல. துடுப்பு தண்ணியில படுற சத்தம் மட்டும் கேக்குது. ஸ்பீக்கர் மெதுவாக்கும் எண்டு என்ன நானே ஏமாத்தினன். அடுத்த காட்சி வந்திச்சு, அதிலயும் இல்ல. அப்பதான் விளங்கிச்சு. எங்கட வேலையில, இசை போடுறதுக்கு முதல் டிரெக்டர் படத்தில ஒரு கொப்பி தருவான், அதில ஆக்கள் கதைக்கிறது மட்டும் இருக்கும், இசை இருக்காது. அத வெச்சுத்தான் நாங்க இசை போடுவம். நவாஸ் படத்த ரெண்டு பாதியா பென் டிரைவ்ல ஏத்தக்குள்ள, முதல் பாதிக்கு அந்த ஊமக் கொப்பிய ஏத்திக்கொண்டு வந்திட்டான்! முன் வரிசையில அவன்ட தல தெரிஞ்சுது, ரெண்டு கையாலயும் பிடிச்சுக்கொண்டு இருக்கான்.

எழும்பினன். போடியார் மணிக்கட்டப் பிடிச்சாரு. "எங்க போறாய்? இன்னும் ஒண்டும் கேக்கல்ல." ஒண்டுக்குப் போகோணும் எண்டு பொய் சொல்லி, படம் ஓட்டுற ஆளிட்ட ஓடினன். "இப்ப நிப்பாட்ட ஒண்ணா அண்ணன், முன்னால பெரியாக்கள் இருக்காங்க. இடவேளைக்கு மாத்துவம்" எண்டு அவன் கையெடுத்துக் கும்பிட்டான். திரும்பி வந்து இருந்தன். இருந்து பாத்தன், என்ட கண்ணுக்கு முன்னாலயே படம் சாகிறத. மனிசன் தண்ணிக்குள்ள விழுறான், முன்னுக்கு இருந்த ஆள் பக்கத்து ஆளிட்ட வயல் வெட்டு மெசின் எப்ப வருகுது எண்டு கேக்கிறான். பொண்டாட்டிக்காரி கரையால ஓடுறாள், தப்புத் தப்பு எண்டு கால் சத்தம் மட்டும் கேக்குது. "மாடு கலைக்குதாக்கும்" எண்டு ஒருத்தன் சொல்ல, மண்டபமே சிரிச்சுது. போடியார் மட்டும் சிரிக்கல்ல. ஒரு காதக் குடுப்பாரு, மறுகா தலையத் திருப்பி மற்றக் காதக் குடுப்பாரு.

இடவேள. "ஒண்டும் விழல்ல" எண்டாரு. "மாமா, அது பென்ல ஒரு பிழ..." எண்டு தொடங்கினன். "சாட்டுச் சொல்லாதடா. வாய்க்கால்ல தண்ணி வரல்ல எண்டா வரல்லதான். கதவு துருப்பிடிச்சிட்டு, திறப்புத் துலைஞ்சிட்டு எண்டு பயிருக்குச் சொல்லேலுமா?" சுகந்தி என்னப் பாக்கல்ல. குனிஞ்சு கையில இருந்த கச்சான் கடலப் பையக் கசக்கிக்கொண்டு இருந்தாள். கண் நிறைஞ்சு போய் இருந்திச்சு. எனக்கு உடுப்புப் பெட்டியோட தோணியில தனியத் திரும்பிப் போறது அப்பிடியே கண்ணுக்கு முன்னால தெரிஞ்சுது.

திரும்ப லைட் நிண்டிச்சு. அந்தப் பொண்டாட்டி கையில லாம்போட கரையில நிக்கிறாள், ஒண்டும் நடக்கல்ல, சும்மா நிக்கிறாள். ஆர்மோனியம் மூச்ச இழுத்துது. விட்டுது. வெட்டு மெசின்காரன் சொல்லோட சொல்லா வாய நிப்பாட்டினான். பின்னால கச்சான் கோது உடைக்கிற சத்தம் நிண்டிச்சு. பூமணி மாமி கதிரக் கையப் பிடிச்சா, நான் அம்மாளக் கும்பிட்டன், நல்ல காலம் ரெண்டாம் பாதியில உடுக்கு இல்ல. போடியார்ட வெத்தில மென்ட வாய் பாதியில நிண்டு போச்சு. மனிசன் படத்தப் பாத்தாரு, முகட்டப் பாத்தாரு, சுவர்ல இருந்த ஸ்பீக்கரப் பாத்தாரு. மறுகா மெதுவாத் தலையத் திருப்பி என்ட மூஞ்சியப் பாத்தாரு. நான் கண்ண இறுக்கி மூடினன். அண்டு வரைக்கும் என்ன 'டேய்' எண்டதத் தவிர வேற விதமாக் கூப்பிடாத அந்த வாய் என்ட காதுக்குள்ள வந்து சொல்லிச்சு: "வந்திட்டீங்களா மருமகன்? படம் தொடங்கினதில இருந்து தேடுறன், எங்க போயிருந்த நீங்க?"

இந்தத் தொழில்ல ஒருத்தன்ட வேல அவன் வராத அண்டைக்குத்தான் ஊருக்குத் தெரியவரும், அதால இவ்வளவு நேரமும் ஓசியில கேட்டுச் சிரிச்ச ஆக்கள் எல்லாரும் கலியாணத்துக்கு ஆளுக்கொரு தயிர்ச்சட்டியோட வந்து சேருங்க, வெறுங்கையோட வாறவங்களுக்குப் பந்தியில நான் பின்னணி இச மட்டும்தான் விளம்புவன்.